உடையவர் தெரியாத கோப்பு

2000ஆம் ஆண்டை ஒட்டிய காலத்தில் மலேசியாவின் ஆயர் ஈத்தாம் போன்ற ஊர்களில் கணினி வைத்திருந்தவர்களுக்கு ஆங்கில வாக்கியம் ஒன்று மனப்பாடமாகவே இருந்தது. இந்த நிரலைத் தொடங்க முடியவில்லை, இன்ன டிஎல்எல் கோப்பைக் காணவில்லை, நிரலை மறுபடியும் நிறுவினால் சரியாகலாம் என்பது அதன் சாரம். மூன்று துண்டுகள் கொண்ட அந்த அறிவிப்பில் நடுத்துண்டைத்தான் எல்லாரும் படித்தார்கள். காணவில்லை என்றால் தேடு என்பது மனித இயல்பு. அடுத்த வீட்டுக் கணினியில் தேடினார்கள், நெகிழ்வட்டில் போட்டு எடுத்து வந்தார்கள், இணையத்தில் ஏதோ ஒரு தளத்திலிருந்து இறக்கினார்கள், சிஸ்டம்32 என்ற கோப்புறையில் கொண்டுபோய் வைத்தார்கள். சில நேரம் வேலை நடந்தது. பல நேரம் வேறொரு கோப்பைக் காணவில்லை என்று அதே அறிவிப்பு திரும்பி வந்தது. விடை முதல் நாளிலிருந்தே அந்த அறிவிப்பின் மூன்றாவது துண்டில்தான் இருந்தது என்பதே என் கட்சி. கோப்பு எங்கே கிடைக்கும் என்பது தவறான கேள்வி. அதைக் கொண்டுவர வேண்டியவர் யார் என்பதே கேட்டிருக்க வேண்டிய கேள்வி. இன்றைக்கும் கேட்க வேண்டியது அதுதான்.

ஊரைப் பற்றி இரண்டு வார்த்தை சொல்ல வேண்டும். கோலாலம்பூரிலிருந்து ஜொகூர் பாருவுக்குப் போகும் பழைய சாலையை, பத்து பகாட்டிலிருந்து குளுவாங் வழியாக மெர்சிங் போகும் சாலை வெட்டும் இடம் ஆயர் ஈத்தாம். 1994இல் வடக்கு–தெற்கு நெடுஞ்சாலை முழுமையாகத் திறக்கும் வரை தெற்கே போகும் பேருந்துகள் நின்று இளைப்பாறிய ஊர். மண்பாண்டக் கடைகளுக்குப் பேர்போனது. இப்படிப்பட்ட ஊருக்குக் கணினியும் வழிப்போக்கராகத்தான் வந்தது. 1996இல் பல்லூடகப் பெருவழி அறிவிக்கப்பட்ட பிறகு நாடே கணினி பற்றிப் பேசியது. ஆனால் அதன் மைய நகரான சைபர்ஜெயாவுக்கும் தோட்டத்து வீட்டுக்கும் இடையே தூரம் அதிகம். யாரோ கைமாற்றி விட்ட பெட்டி, 1515க்கு டயல் செய்து கிடைக்கும் இணையம், சில வெள்ளிக்கு வாங்கிய வட்டிலிருந்து ஏற்றிய விண்டோஸ் என்பதே பல வீடுகளின் நிலை. அந்தத் திருட்டு வட்டுகளைக் கட்டுப்படுத்த 2000இல் தனிச் சட்டமே கொண்டுவர வேண்டியிருந்தது. இதை இங்கே சொல்வதற்குக் காரணம் உண்டு. எந்தக் கோப்பு யாரிடமிருந்து வந்தது என்பதற்குச் சான்றே இல்லாத கணினிகளில்தான் நம்மில் பெரும்பாலோர் கணினி கற்றோம்.

ஒரு நிரல் தனக்கு வேண்டிய எல்லா வேலையையும் தானே செய்துகொள்வதில்லை. சாளரம் வரைவது, எழுத்தைத் திரையில் காட்டுவது, அச்சுப்பொறிக்கு அனுப்புவது போன்றவை எல்லா நிரல்களுக்கும் பொது. அவற்றுக்கான கட்டளைகளை ஒரே கோப்பில் எழுதி வைத்துவிட்டால், வேண்டிய நிரல் வேண்டிய நேரத்தில் அழைத்துக்கொள்ளலாம். அப்படிப்பட்ட பொது நூலகக் கோப்பே டிஎல்எல். 1960களில் மல்டிக்ஸ் இயங்குதளத்திலேயே இருந்த எண்ணம் இது. 1985இல் வெளிவந்த முதல் விண்டோஸ் 256 கிலோபைட் நினைவகத்தில் ஓட வேண்டியிருந்தது. அந்தச் சிறிய இடத்தில் ஒவ்வொரு நிரலும் சாளரம் வரையும் கட்டளையைத் தனித்தனியே சுமந்து வந்தால் இரண்டு நிரல்கள்கூட ஒன்றாக நிற்க முடியாது. எனவே கெர்னல், யூசர், ஜிடிஐ என்ற மூன்று பொதுக் கோப்புகளை வைத்தார்கள். (அவற்றின் பெயர்கள் அன்று டிஎல்எல் என்று முடியவில்லை, இஎக்ஸ்இ என்றே முடிந்தன. வேலையைப் பார்த்தால் அவை டிஎல்எல்தான்.) தோட்டத்து மாரியம்மன் கோயிலில் கல்யாணத்துக்கும் கருமாதிக்கும் பொதுவாக அண்டாவும் கரண்டியும் இருப்பதைப் போன்ற ஏற்பாடு இது. வீட்டுக்கு வீடு அண்டா வாங்க வேண்டாம். ஆனால் கோயில் அண்டாவின் விளிம்பில் கோயில் பெயர் வெட்டியிருக்கும், எடுத்துப் போனவர் பெயர் நோட்டில் இருக்கும். 1990களின் விண்டோஸில் அண்டா மட்டும் இருந்தது. விளிம்பில் பெயரும் இல்லை, நம்பத்தக்க நோட்டும் இல்லை.

பெயர் இல்லாததன் விளைவு உடனே தெரிந்தது. ஒரு விளையாட்டையோ கணக்கு நிரலையோ நிறுவும்போது, தனக்கு வேண்டிய டிஎல்எல்லை அது தன்னோடு கொண்டுவந்து பொதுக் கோப்புறையில் வைக்கும். அங்கே அதே பெயரில் ஏற்கெனவே ஒன்று இருந்தால், இரண்டில் எது புதியது என்று பார்த்த பிறகே மாற்ற வேண்டும் என்பது விதி. பல நிறுவல் நிரல்கள் அந்த விதியை மதிக்கவில்லை. பழையது புதியதை அழித்தது, நேற்று வரை ஓடிய வேறொரு நிரல் இன்று படுத்தது. சில நேரம் புதியது வந்ததாலேயே பழைய நிரல் படுத்தது, ஏனெனில் அது பழைய கோப்பின் ஒரு பிழையையே நம்பி எழுதப்பட்டிருந்தது. இந்தக் குழப்பத்துக்கு டிஎல்எல் நரகம் என்று மென்பொருள் எழுதியவர்களே பெயர் வைத்தார்கள். நோட்டு என்று ஒன்று இருக்கத்தான் செய்தது. எந்தப் பொதுக் கோப்பை எத்தனை நிரல்கள் பயன்படுத்துகின்றன என்ற எண்ணிக்கையை விண்டோஸின் பதிவேட்டில் குறித்து வைப்பார்கள். ஆனால் அந்த எண்ணிக்கையை ஏற்றுவதும் இறக்குவதும் நிறுவல் நிரலின் நேர்மையைப் பொறுத்தது. அதனால்தான் ஒரு நிரலை நீக்கும்போது, இந்தக் கோப்பை இனி யாரும் பயன்படுத்துவதாகத் தெரியவில்லை, நீக்கிவிடலாமா என்று கணினி நம்மைக் கேட்டது. அந்தக் கேள்வியை இன்று நினைத்தால் சிரிப்பு வருகிறது. கணினிக்கே தெரியாததை வீட்டுக்காரரிடம் கேட்டால் அவர் என்ன சொல்வார்? துணிந்தவர் ஆம் என்றார், பயந்தவர் இல்லை என்றார். இரண்டுமே ஊகம்.

தமிழர்களுக்கு இந்தக் கதையில் சொந்த அத்தியாயம் ஒன்று உண்டு. அந்த அத்தியாயத்தின் கோப்புக்கு யுஎஸ்பி10.டிஎல்எல் என்று பெயர். பென்டிரைவ் செருகும் யுஎஸ்பிக்கும் இதற்கும் தொடர்பில்லை. இது யூனிஸ்கிரைப் என்ற எழுத்துக்கோப்பு எந்திரம். அதன் அருமை புரிய, அதற்கு முன்பு என்ன இருந்தது என்பதைப் பார்க்க வேண்டும். மலேசியாவில் முத்து நெடுமாறன் 1980களின் நடுவில் தொடங்கிய முரசு மென்பொருள், பின்னர் முரசு அஞ்சலாக வளர்ந்து வீடுகளுக்கும் வந்தது. அந்நாளைய டிஸ்கி போன்ற குறியேற்றங்களில் கணினி எழுத்தின் வடிவத்தையே சேமித்தது. கொ என்பதற்கு முதலில் ஒற்றைக் கொம்பு, பிறகு க, பிறகு கால் என்று கண் பார்க்கும் வரிசையிலேயே குறிகள் இருந்தன. எழுத்துரு ஒன்று இருந்தால் போதும், திரையில் தமிழ் தெரியும். வேறு பொதுக் கோப்பு எதுவும் வேண்டியதில்லை. யூனிகோடு அப்படியல்ல. 1991இலேயே தமிழுக்கு அதில் இடம் கிடைத்திருந்தாலும், அது வடிவத்தைச் சேமிப்பதில்லை. க என்ற அகரமேறிய மெய்யெழுத்துக்குப் பின்னால் ஒகரக் குறியைச் சேமிக்கும். கொம்பைப் பிரித்து முன்னால் கொண்டுபோவதும், காலைப் பின்னால் வைப்பதும் வேறொருவர் வேலை. அந்த வேறொருவர்தான் யுஎஸ்பி10.டிஎல்எல். அது இல்லாத கணினியில், அல்லது தமிழ் தெரியாத பழைய பதிப்பு இருந்த கணினியில், பொங்கல் என்ற சொல் கொம்பும் காலும் இடம் மாறி, நடுவே புள்ளியிட்ட வட்டத்தோடு சிதறிக் கிடக்கும்.

2000இல் வந்த விண்டோஸ் 2000தான் யூனிகோடுத் தமிழை ஏற்ற முதல் விண்டோஸ். லதா என்ற எழுத்துருவும் அதோடு வந்தது. அதே எந்திரம் இன்டர்நெட் எக்ஸ்புளோரர் 5 வழியாகப் பழைய கணினிகளுக்கும் போய்ச் சேர்ந்தது. 2001 ஆகஸ்டில் கோலாலம்பூரில் தமிழ் இணைய மாநாடு கூடியபோது குறியேற்றச் சண்டைகள் ஓய்ந்திருக்கவில்லை. யூனிகோடே வழி என்று சொன்னவர்களும் இருந்தார்கள், மக்களின் கணினியில் அது தெரியவே தெரியாதே என்று கேட்டவர்களும் இருந்தார்கள். இரண்டாவது தரப்பை மொழிப்பற்றற்றவர்கள் என்றோ பழமைவாதிகள் என்றோ பிற்காலத்தில் எழுதியவர்கள் உண்டு. அது நியாயமில்லை. அவர்கள் கேள்வி மொழியைப் பற்றியதே அல்ல, ஒரு பொதுக் கோப்பைப் பற்றியது. அந்தக் கோப்பை யார் கொண்டுவந்து சேர்ப்பது என்பதற்கு அன்றைக்கு நல்ல பதில் இல்லை. அதே நேரத்தில் யூனிகோடுத் தரப்பு கண்டுகொண்டது ஒன்று உண்டு. எழுத்துருவைச் சுமந்து திரிந்த காலத்தில் ஒவ்வொரு நிரலிலும் தமிழை ஏமாற்றித்தான் நுழைத்தோம். கணினி அதை ஏதோ லத்தீன் எழுத்து என்றே நினைத்துக்கொண்டிருந்தது. பொதுக் கோப்புக்குத் தமிழ் தெரிந்துவிட்டால் அதை அழைக்கும் நோட்பேடு, வேர்ட், உலாவி எல்லாவற்றுக்கும் ஒரே நாளில் தமிழ் தெரியும். ஒவ்வொரு மென்பொருள் நிறுவனத்திடமும் போய்த் தமிழுக்கு இடம் கொடுங்கள் என்று கையேந்த வேண்டியதில்லை. சிறுபான்மை மொழிக்குப் பொது நூலகக் கோப்பைப் போன்ற நண்பன் கிடையாது.

ஆனால் 2001 இறுதியில் வெளிவந்த விண்டோஸ் எக்ஸ்பி ஒரு சிக்கலை வைத்தது. கோப்புகள் வட்டில் இருந்தாலும் தமிழ் இயல்பாக இயங்கவில்லை. கட்டுப்பாட்டுப் பலகத்தில் வட்டார, மொழி அமைப்புக்குப் போய், சிக்கலான எழுத்து முறைகளுக்கான கோப்புகளை நிறுவு என்ற கட்டத்தில் குறியிட வேண்டும். (அடைப்புக்குறிக்குள் தாய்லாந்து மொழி உட்பட என்று எழுதியிருப்பார்கள், தமிழைப் பற்றிப் பேச்சே இருக்காது.) குறியிட்டவுடன் கணினி விண்டோஸ் வட்டைக் கேட்கும். ஆயர் ஈத்தாமில் அந்த வட்டு யாரிடம் இருந்தது? கடைக்காரர் ஏற்றிக்கொடுத்துவிட்டு வட்டைத் தன்னிடமே வைத்துக்கொள்வார். திருட்டு வட்டு கையில் இருந்தாலும் சிலவற்றில் இடத்தை மிச்சப்படுத்த மொழிக் கோப்புகளையே வெட்டி எறிந்திருப்பார்கள். 2003இல் தமிழ் விக்கிப்பீடியா தொடங்கியது, யூனிகோடில் வலைப்பூக்கள் எழுதப்பட்டன. படிக்கத்தான் இந்த ஒரு படியைத் தாண்ட வேண்டியிருந்தது. எனவே யுஎஸ்பி10.டிஎல்எல் கையிலிருந்து கைக்குப் போனது. மடற்குழுவில் ஒருவர் சொல்ல, இன்னொருவர் அனுப்ப, மூன்றாமவர் சிஸ்டம்32இல் வைத்தார்.

இங்கேதான் என் வாதத்துக்குச் சான்று தெளிவாகக் கிடைக்கிறது. சிஸ்டம்32இல் வைத்த கோப்பு கண்ணெதிரே பழையபடி மாறியது. விண்டோஸ் 2000 முதல் கோப்புக் காப்பு என்ற ஏற்பாடு இருந்தது. முக்கியக் கோப்புகளின் பிரதிகளை டிஎல்எல்கேஷ் என்ற மறைவான கோப்புறையில் வைத்துக்கொண்டு, யாராவது மாற்றினால் சத்தமில்லாமல் மூலத்தைத் திருப்பி வைத்துவிடும். மாற்றியவருக்கு அது பேய்விளையாட்டாகத் தெரிந்திருக்கும். உண்மையில் விண்டோஸ் முதன்முறையாக அண்டாவின் விளிம்பில் பெயர் வெட்டியது அப்போதுதான்: இது இயங்குதளத்தின் கோப்பு, இயங்குதளத்தின் இற்றைப்படுத்தல் மட்டுமே இதை மாற்றலாம். பிறகு வந்த விஸ்டாவில் இந்தக் கோப்புகளின் உரிமையாளர் பெயரையே டிரஸ்டட்இன்ஸ்டாலர் என்று எழுதிவிட்டார்கள். கணினியின் நிர்வாகியாக நுழைந்தவருக்கும் அவற்றின்மேல் நேரடி உரிமை இல்லை. சில நண்பர்கள் இதை நம் கணினியில் நமக்கே உரிமை மறுப்பதாகக் கோபித்துக்கொள்வார்கள். கோபம் புரிகிறது. ஆனால் அந்த உரிமை நம்மிடம் இருந்த காலத்தில் அதை வைத்து என்ன செய்தோம் என்பதையும் பார்க்க வேண்டுமல்லவா?

முதல் மறுப்பு இங்கே எழும். கோப்பை நகலெடுத்து வைத்துப் பலருக்குத் தமிழ் தெரிந்ததே, அது எப்படி என்று கேட்கலாம். தெரிந்தது உண்மை. சிஸ்டம்32ஐ விட்டுவிட்டு, நிரல் இருக்கும் கோப்புறையிலேயே கோப்பை வைத்தவர்களுக்கு அது பெரும்பாலும் பலித்தது. விண்டோஸ் ஒரு டிஎல்எல்லைத் தேடும்போது பொதுவாக நிரல் இருக்கும் கோப்புறையை முதலில் பார்க்கும், பிறகு சிஸ்டம்32, பிறகு விண்டோஸ் கோப்புறை, அப்புறம்தான் பாத் என்ற பட்டியலில் உள்ள இடங்கள். மைக்ரோசாப்டின் ஆபீஸ் 2003 தன் சொந்த யுஎஸ்பி10.டிஎல்எல்லைத் தன் பொதுக் கோப்புறையில் வைத்திருந்தது. அதனால்தான் ஒரே கணினியில் வேர்டில் ஒழுங்காகத் தெரிந்த தமிழ் வேறொரு நிரலில் வேறுமாதிரித் தெரிவதும் நடந்தது. இந்த வெற்றி என் வாதத்தை முறிக்கவில்லை. நிரலின் கோப்புறையில் வைத்த கோப்புக்கு உடையவர் அந்த நிரல். ஆபீஸ் தன் கோப்பைத் தானே கொண்டுவந்தது, தானே இற்றைப்படுத்தும். நண்பர் அனுப்பிய கோப்பை உலாவியின் கோப்புறையில் வைத்தவர் கதை வேறு. அன்றைக்கு அது மருந்து. விண்டோஸின் சொந்த எந்திரம் முன்னேறிய பிறகும் நிரல் முதலில் எடுப்பது பக்கத்தில் கிடக்கும் அந்தப் பழைய பிரதியையே. அதைப் புதுப்பிக்க வேண்டியவர் யாரும் இல்லை, அது அங்கே இருப்பதே மறந்துபோயிருக்கும்.

கடைக்காரர்களின் பதில் எப்போதும் ஒன்றுதான்: ஃபார்மேட் பண்ணிவிடலாம். எல்லாவற்றையும் அழித்துவிட்டு விண்டோஸை முதலிலிருந்து ஏற்றினால் டிஎல்எல் பிழை போகும் என்பதில் ஐயமில்லை. ஏன் போகிறது என்று பாருங்கள். எல்லாக் கோப்பும் உரியவர் கையாலேயே மறுபடி வந்து சேர்கிறது, அவ்வளவுதான். ஒரு நிரலை மட்டும் நீக்கி மறுபடி நிறுவினாலே கிடைத்திருக்கும் பலனுக்கு, பிள்ளைகளின் படங்களையும் கோயில் கணக்கையும் விலையாகக் கொடுப்பது அது.

வலுவான மறுப்பு வேறொன்று. இன்று இடத்துக்குப் பஞ்சமில்லை, 256 கிலோபைட் காலம் போய்விட்டது, ஒவ்வொரு நிரலும் தனக்கு வேண்டிய நூலகங்களைத் தன்னோடேயே கட்டிக்கொண்டு வரட்டும், பகிர்வே வேண்டாம் என்கிறார்கள். எளிதில் தள்ளிவிடக்கூடிய வாதமல்ல. விண்டோஸ் எக்ஸ்பியே ஒரு நூலகத்தின் பல பதிப்புகளைப் பக்கம் பக்கமாக வைக்கும் வின்எஸ்எக்ஸ்எஸ் கோப்புறையைக் கொண்டுவந்தது. இன்றைய பல மேசைக் கணினி நிரல்கள் ஒரு முழு உலாவியையே வயிற்றில் சுமந்துகொண்டு வருகின்றன. டிஎல்எல் காணவில்லை என்ற அறிவிப்பு குறைந்ததற்கு இதுவும் காரணம். ஆனால் விலை வேறு இடத்தில் கொடுக்கப்படுகிறது. 2002இல் ஸீலிப் என்ற சுருக்க நூலகத்தில் பாதுகாப்புப் பிழை கண்டுபிடிக்கப்பட்டது. பொதுப் பிரதியைத் திருத்துவது ஒரே வேலை. அதைத் தமக்குள் கட்டிக்கொண்ட நிரல்கள் எவை எவை என்று கண்டுபிடிப்பதுதான் பெரும்பாடானது. 2004 செப்டம்பரில் ஜேபெக் படங்களைத் திறக்கும் ஜிடிஐபிளஸ்.டிஎல்எல்லில் ஒரு ஓட்டை தெரிந்தது. படத்தைத் திறந்தாலே கணினி கைமாறிப் போகலாம். விண்டோஸைத் திருத்தினால் மட்டும் போதவில்லை. ஆபீஸ் உட்படப் பல நிரல்கள் அதன் பிரதிகளைத் தமக்கெனத் தனியே வைத்திருந்தன. ஓட்டையுள்ள பிரதி உங்கள் கணினியில் இருக்கிறதா என்று தேடிச் சொல்ல மைக்ரோசாப்ட் தனிக் கருவியே வெளியிட வேண்டி வந்தது. 2023 செப்டம்பரில் வெப்பி படங்களைத் திறக்கும் லிப்வெப்பி நூலகத்தில் அதே கதை. குரோமும் ஃபயர்ஃபாக்ஸும் விரைவாகத் திருத்திக்கொண்டன. உலாவியை வயிற்றில் சுமந்த நிரல்கள் ஒவ்வொன்றும் தனித்தனியாகத் திருந்த வேண்டியிருந்தது. 2014 ஏப்ரலில் ஓப்பன்எஸ்எஸ்எல் நூலகத்தின் ஹார்ட்பிளீட் ஓட்டையையும் இதோடு வைத்துப் பார்க்கலாம். பாதிப்பு மிகப் பெரிது. ஆனால் லினக்ஸ் வழங்கிகளில் பொது நூலகத்தை மாற்றி, அதைப் பயன்படுத்தும் சேவைகளை மறுபடி தொடங்கியதும் அத்தனைக்கும் மருந்து போய்ச் சேர்ந்தது. இடம் மலிந்துவிட்டது என்பது பகிர்வின் ஒரு காரணத்தை மட்டுமே நீக்குகிறது. திருத்தம் என்ற காரணம் அப்படியே நிற்கிறது.

லினக்ஸ்காரர்கள் இந்த இடத்தில் புன்னகைப்பார்கள். எங்களுக்கு இந்த நரகமே கிடையாது என்பார்கள். பாதி உண்மை. அவர்களிடம் நோட்டு ஒழுங்காக இருந்தது. டெபியனிலோ உபுண்டுவிலோ எந்தக் கோப்பைக் காட்டி டிபிகேஜி கருவியைக் கேட்டாலும், இது இன்ன பொதியிலிருந்து வந்தது என்று சொல்லும். நூலகத்தின் பெயரிலேயே பதிப்பு எண் இருக்கும், அதனால் பழையதும் புதியதும் ஒன்றையொன்று அழிக்காமல் அருகருகே இருக்கலாம். ஒரு நிரலுக்கு எந்தெந்த நூலகம் வேண்டும், அவற்றில் எது கிடைக்கவில்லை என்பதை எல்டிடி கட்டளை பட்டியலிடும். இவ்வளவு இருந்தும் மனித இயல்பு மாறவில்லை. உபுண்டு 22.04 ஓப்பன்எஸ்எஸ்எல் 3க்கு மாறியபோது, பழைய 1.1 பதிப்பைத் தேடிய நிரல்கள் நின்றன. உடனே புதிய நூலகத்துக்குப் பழைய பெயரில் ஒரு குறுக்கிணைப்பு போட்டு ஏமாற்றப் பார்த்தவர்கள் உண்டு. பெயரை மாற்றினால் உள்ளே இருப்பது மாறாது. இரண்டு பதிப்புகளின் உள்ளமைப்பும் வேறு, நிரல் தொடங்கினாலும் நடுவழியில் விழும். பழைய நிரலை எழுதியவர்தான் அதைப் புதிய நூலகத்துக்கு ஏற்ப மறுபடி கட்டித் தர வேண்டும்.

இன்றைக்கு விண்டோஸில் இந்தப் பிழை வந்தால் உடையவரை எப்படிக் கண்டுபிடிப்பது? பெரும்பாலும் பெயரே சொல்லிவிடும். விசிரன்டைம்140, எம்எஸ்விசிபி140 என்றால் அவை விஷுவல் சி++ இயக்கநேர நூலகங்கள். மைக்ரோசாப்டின் மறுவிநியோகப் பொதியை நிறுவினால் அந்தக் குடும்பமே வந்துவிடும், ஒற்றைக் கோப்பைத் தேட வேண்டாம். டி3டிஎக்ஸ்9 என்று தொடங்கினால் பழைய டைரக்ட்எக்ஸின் துணைக் கோப்பு. 2010 ஜூனில் வந்த டைரக்ட்எக்ஸ் பொதியில் அது இருக்கிறது, விண்டோஸ் 10இலும் பழைய விளையாட்டுகள் அதைத்தான் கேட்கும். கோப்பு விண்டோஸுடையதே என்றால் எஸ்எஃப்சி ஸ்கேன்நவ் கட்டளை, மூலமே கெட்டிருந்தால் முதலில் டிஐஎஸ்எம் கருவி. வேறு பெயரானால் பெரும்பாலும் அது அந்த நிரலின் சொந்தச் சொத்தாகவே இருக்கும். நிரலை மறுபடி நிறுவுவதே வழி. நிறுவிய பின்னும் காணவில்லை என்றால் வைரஸ் தடுப்பான் அதைப் பிடித்து அடைத்து வைத்திருக்கிறதா என்று பார்க்க வேண்டும். திருட்டு விளையாட்டுகளில் அது அடிக்கடி நடக்கும், சில நேரம் தடுப்பான் சரியாகவே பிடித்திருக்கும். கூடவே ஒரு பொறி இருக்கிறது. 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 என்ற கோப்புறையில்தான் 64 பிட் கோப்புகள் இருக்கின்றன, 32 பிட் கோப்புகள் சிஸ்வாவ்64இல். பழைய நிரல்கள் பெயரை நம்பியிருந்ததால் இந்தத் தலைகீழ் ஏற்பாடு. பெயரைப் பார்த்துக் கைவேலை செய்தவர் தவறான வகையை வைத்தால், 0எக்ஸ்சி000007பி என்ற புரியாத எண் வந்து நிற்கும். நிறுவல் பொதி இந்தக் குழப்பத்தில் மாட்டாது, எதை எங்கே வைக்க வேண்டும் என்று அதற்குத் தெரியும். ஒற்றை டிஎல்எல்களை அள்ளித்தரும் தளங்களைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. டிஎல்எல் என்பது படமோ பாட்டோ அல்ல, ஓடும் நிரல். அழைக்கும் நிரலுக்கு இருக்கும் அதிகாரம் முழுவதும் அதற்கும் உண்டு. தேடும் வரிசையைப் பயன்படுத்திப் போலி டிஎல்எல்லை முன்னே தள்ளும் தாக்குதல்களுக்காக 2010 ஆகஸ்டில் மைக்ரோசாப்ட் தனி எச்சரிக்கையே விட்டது.

கடைசி மறுப்பை நானே எழுப்ப வேண்டும், ஏனென்றால் என் வாதத்துக்கு அதுதான் இடைஞ்சல். உடையவர் யார் என்று தெரிந்தும் அவர் கொண்டுவராவிட்டால்? எக்ஸ்பி காலத்தில் தமிழர்கள் யுஎஸ்பி10ஐக் கைமாற்றியதற்கு அறியாமை மட்டுமே காரணமில்லை. உடையவர் கோப்பை வட்டுக்குள் பூட்டி வைத்திருந்தார், விஸ்டா வரும் வரை அதைத் தானாக இயங்க விடவில்லை. பின்னர் கைப்பேசியில் இது இன்னும் கடுமையாகத் தெரிந்தது. ஆண்ட்ராய்டின் தொடக்கப் பதிப்புகளில் தமிழ் வெறும் கட்டங்களாகத் தெரிந்தது. எழுத்துருவும் எழுத்துக்கோப்பு எந்திரமும் இயங்குதளத்தின் உள்ளே இருந்ததால், சாதாரணப் பயனர் கோப்பை நகலெடுத்து வைக்கக்கூட அங்கே வாசல் இல்லை. உடையவர் மிகத் தெளிவு, பயன்தான் இல்லை. அப்போது மக்கள் கண்டுபிடித்த வழி ஓபரா மினி. அதன் மறைவான அமைப்புப் பக்கத்துக்குப் போய், சிக்கலான எழுத்துகளுக்குப் படவடிவ எழுத்துருவைப் பயன்படுத்து என்பதை மாற்றினால், தமிழை ஓபராவின் வழங்கியே வரைந்து படமாக அனுப்பும். நூலகக் கோப்பு நம் கைப்பேசியில் இல்லை, வேறு நாட்டில் ஒரு வழங்கியில் இருந்தது. யாருடைய கோப்பையும் யாரும் மாற்றாமல், கோப்பை வைத்திருப்பவரிடமே வேலையை ஒப்படைத்த வழி அது. நூலகத்தை நகலெடுத்துத் திணிப்பதைவிட நேர்மையானது என்றே நினைக்கிறேன். ஆனால் குறை இருந்தது. மலேசியச் செய்திகளையும் சென்னைச் செய்திகளையும் அதில் படிக்க மட்டுமே முடிந்தது. திரையில் இருந்தது படம் என்பதால், படித்த வரியைத் தொட்டு நகலெடுத்து அண்ணனுக்கு அனுப்ப முடியாது. கைப்பேசியின் சொந்த எந்திரத்துக்கே தமிழ் கற்றுத்தந்த பதிப்புகள் வந்த பிறகுதான் அது முடிந்தது. பழைய கைப்பேசிக்கு அந்தப் பதிப்பைத் தருவதா வேண்டாமா என்பதைத் தயாரித்த நிறுவனம்தான் முடிவு செய்தது, பெரும்பாலும் தரவில்லை.